கப்பலோட்டிய தமிழரின் கடன் கணக்கு

ஒரு ரூபாயில் பாதி எட்டணா.

இந்த எட்டணாவை வைத்துக்கொண்டு ஒரு தமிழர் வெள்ளைக்காரக் கப்பல் கம்பெனியோடு மோதினார். எட்டணா டிக்கெட்டில் தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்கு ஜனங்களை ஏற்றிச் சென்றார். எதிரிகள் சும்மா இருப்பார்களா? டிக்கெட் பணமே வேண்டாம் என்று அறிவித்தார்கள். கப்பலில் ஏறுகிறவர்களுக்கு ஆளுக்கொரு குடையும் இனாமாகக் கொடுத்தார்கள்!

அந்தப் போட்டியில் தமிழரின் கம்பெனி நட்டப்பட்டது. அவர் சிறைக்குப் போனார். அவருடைய கப்பல்கள் விற்கப்பட்டன. குடும்பத்தை வறுமை பிடித்தது, கடன் சூழ்ந்தது.

அவர்தான் வ. உ. சிதம்பரம் பிள்ளை. கப்பலோட்டிய தமிழர்!

அவர் சிறையில் செக்கு இழுத்த கதையைத் தமிழ்நாட்டில் அறியாதவர் இல்லை. ஆனால் அவர் வாழ்க்கையில் தொடக்கம் முதல் முடிவு வரை ஒரு கணக்கும் கூடவே வருகிறது. அது நட்டக் கணக்கு. ஒரு நட்டம் அரை, இன்னொன்று கால். ஒரு கடன் மூன்றில் ஒன்று. இன்னொன்று ஐந்தில் ஒன்று. அளவு வெவ்வேறாக இருக்கும் இவற்றை எப்படி ஒன்றாகக் கூட்டுவது?

பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை இந்தக் கணக்கு மிரட்டும். பெரியவர்களையும் சில சமயம் ஏமாற்றிவிடும். சிதம்பரம் பிள்ளையின் கதையோடு சேர்த்துப் பார்த்தால் அது எளிதில் விளங்கும்.

திண்ணைப் பள்ளிக்கூடம்

ஒட்டப்பிடாரம், வீரபாண்டியக் கட்டபொம்மனின் பாஞ்சாலங்குறிச்சிக்குப் பக்கத்து ஊர். அங்கே 1872ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் தேதி சிதம்பரம் பிள்ளை பிறந்தார். தந்தை உலகநாத பிள்ளை வக்கீல். தாயார் பரமாயி அம்மாள். அப்போது அந்த ஊர் திருநெல்வேலி ஜில்லாவில் இருந்தது. 1986இல் ஜில்லா பிரிந்த பிறகு தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்தது.

சிறு வயதில் அவருக்குத் தமிழ் சொல்லிக் கொடுத்தவர் வீரப்பெருமாள் அண்ணாவி.

அந்தக் காலத்துத் திண்ணைப் பள்ளிகளில் காகிதமும் பென்சிலும் கிடையாது. மணலில் விரலால் எழுதுவார்கள். பிறகு ஓலையில் எழுதுவார்கள். எண்சுவடியை மனப்பாடம் செய்வார்கள். ஒன்று, இரண்டு, மூன்று என்று மேலே போகும் எண்கள் மட்டுமல்ல, ஒன்றுக்குக் கீழே இறங்கும் எண்களும் அதில் உண்டு. அவற்றுக்குக் கீழ்வாயிலக்கம் என்று பெயர்.

அரை தெரியும், கால் தெரியும். காலில் பாதி அரைக்கால். அதிலும் பாதி மாகாணி. அதாவது பதினாறில் ஒன்று. இருபதில் ஒன்று மா. எண்பதில் ஒன்று காணி. அதற்கும் கீழே வருவது முந்திரி. முந்நூற்றிருபதில் ஒன்று!

இந்த முந்திரி எதற்கு? அதில்தான் சூட்சுமம் இருக்கிறது.

ஒன்றை 320 முந்திரியாகப் பிரித்தால், அரை என்பது 160 முந்திரி. கால் 80 முந்திரி. அரைக்கால் 40. மாகாணி 20. மா 16. காணி 4. எல்லாமே மிச்சமில்லாமல் வருகின்றன.

மாகாணியையும் மாவையும் கூட்டவேண்டுமா? ஒன்று பதினாறாகப் பிரித்த துண்டு. மற்றது இருபதாகப் பிரித்த துண்டு. துண்டுகள் ஒரே அளவில் இல்லை. அப்படியே கூட்ட முடியாது. இரண்டையும் முந்திரியாக்கினால் 20 முந்திரியும் 16 முந்திரியும் சேர்ந்து 36 முந்திரி. வேலை முடிந்தது!

பின்னத்தில் கீழே இருக்கும் எண்ணுக்குப் பகுதி என்று பெயர். மேலே இருக்கும் எண் தொகுதி. பகுதிகள் வேறாக இருந்தால் அவற்றை முதலில் ஒன்றாக்க வேண்டும் என்று இன்றைய பாடப் புத்தகம் சொல்கிறது. அதே வழியைத்தான் முந்திரிக் கணக்கும் சொல்லிற்று.

முத்து விளைந்த ஊர்

சிதம்பரம் பிள்ளை தூத்துக்குடியிலும் திருநெல்வேலியிலும் ஆங்கிலம் படித்தார். 1894இல் வக்கீல் பரீட்சையில் தேறினார். ஒட்டப்பிடாரத்தில் தொழில் நடத்தினார். ஏழைகளுக்காகப் பணம் வாங்காமலே வாதாடினார். பின்பு 1900இல் தூத்துக்குடிக்குக் குடிபெயர்ந்தார்.

தூத்துக்குடி அப்போதே பெயர் பெற்ற துறைமுகம். பஞ்சும் கருவாடும் உப்பும் அங்கே குவிந்தன. இலங்கைத் தோட்டங்களுக்குப் போகும் தொழிலாளிகள் அங்கே கப்பலுக்குக் காத்துக் கிடந்தார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, பழங்காலம் முதல் உலகம் அறிந்த முத்து அந்தக் கடலில் விளைந்தது.

முத்துக் குளிப்பதைப் பற்றி ஒரு விஷயம் சொல்ல வேண்டும். குளிப்பவர் மூச்சை அடக்கிக்கொண்டு கல்லைக் கட்டிக் கடலுக்குள் இறங்குவார். சிப்பிகளை வாரிக் கூடையில் போடுவார். மேலே படகிலிருப்பவர் கயிற்றை இழுப்பார். வெள்ளைக்காரர் ஆட்சியில், கரைக்கு வந்த சிப்பிகளை மூன்று பங்காகப் பிரித்தார்கள். ஒரு பங்கு குளித்தவர்களுக்கு. இரண்டு பங்கு சர்க்காருக்கு!

உயிரைப் பணயம் வைத்தவனுக்கு மூன்றில் ஒன்று. கரையில் இருந்தவனுக்கு மூன்றில் இரண்டு.

இந்த மூன்றில் ஒன்று, முந்திரிக் கணக்கில் சரியாக வராது. 320ஐ மூன்றால் வகுத்தால் மிச்சம் நிற்கும். ஆனால் ரூபாய்க் கணக்கில் சரியாக வரும். எப்படி?

அந்தக் காலத்தில் ஒரு ரூபாய்க்குப் பதினாறு அணா. ஓர் அணாவுக்குப் பன்னிரண்டு பை. ஆகவே ஒரு ரூபாய்க்கு 192 பை. அதில் மூன்றில் ஒன்று 64 பை. அதாவது ஐந்தணா நாலு பை. மிச்சமே இல்லை. 1957ஆம் ஆண்டு ஏப்ரல் 1ஆம் தேதி முதல் ரூபாய்க்கு நூறு காசு என்று வந்தது. நூறை மூன்றால் வகுத்தால் மறுபடியும் மிச்சம்!

எந்தக் கணக்குக்கு எந்த அளவு பொருந்தும் என்று பார்த்து எடுக்க வேண்டும். இது பின்னக் கணக்கின் முதல் பாடம்.

பத்து லட்சம்

தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் இடையே பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி வைத்ததே சட்டம். வியாபாரிகள் அதன் தயவில்தான் வாழ வேண்டியிருந்தது. சிதம்பரம் பிள்ளைக்கு அது பொறுக்கவில்லை. கடல் நம்முடையது, சரக்கு நம்முடையது, பயணிகள் நம்மவர்கள். கப்பல் மட்டும் ஏன் அந்நியனுடையதாக இருக்க வேண்டும் என்று எண்ணினார்.

1906ஆம் ஆண்டு அக்டோபர் 16ஆம் தேதி சுதேசி ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி பதிவாயிற்று. மூலதனம் பத்து லட்ச ரூபாய். பங்குகள் 40,000. ஒரு பங்கு 25 ரூபாய். மதுரையில் நான்காம் தமிழ்ச் சங்கத்தை நிறுவிய பாண்டித்துரைத் தேவர் கம்பெனியின் தலைவரானார். ஹாஜி முகமது பக்கீர் சேட் 8,000 பங்குகளை வாங்கினார். அதற்கு அவர் கொடுத்த பணம் இரண்டு லட்ச ரூபாய்!

பத்து லட்சத்தில் இரண்டு லட்சம் என்றால் ஐந்தில் ஒன்று. திண்ணைப் பள்ளிக் கணக்கில் நாலு மா.

பங்கு என்றால் என்ன? லாபம் வந்தால் லாபத்தில் பங்கு. நட்டம் வந்தால் நட்டத்திலும் பங்கு. கம்பெனிக்கு ஒரு ரூபாய் நட்டம் என்றால், ஐந்தில் ஒரு பங்கு வைத்திருப்பவரின் தலையில் ஐந்தில் ஒரு ரூபாய் நட்டம் விழும். அவர் முதலில் அந்தப் பங்கும் கரையும். ஊரே சேர்ந்து போட்ட பணத்தை ஊரே சேர்ந்து இழக்கவும் துணிந்தது.

தொடக்கத்தில் கம்பெனியிடம் சொந்தக் கப்பல் இல்லை. வாடகைக்குக் கப்பல் எடுத்து ஓட்டினார்கள். வெள்ளைக்காரக் கம்பெனியின் நெருக்குதலால், வாடகைக்குக் கொடுத்தவர்கள் பின்வாங்கிவிட்டார்கள். சிதம்பரம் பிள்ளை கலங்கவில்லை. பம்பாய்க்குப் புறப்பட்டார். கப்பலோடு திரும்புவேன், இல்லாவிட்டால் கடலில் விழுந்து உயிர் விடுவேன் என்று சபதம் செய்து போனார்.

1907இல் காலியா என்ற கப்பல் வந்தது. லாவோ என்ற கப்பலும் வந்தது. ஒவ்வொன்றிலும் முதல் வகுப்பில் 42 பேர், இரண்டாம் வகுப்பில் 24 பேர், சாதாரண வகுப்பில் 1,300 பேர் போகலாம். 4,000 மூட்டை ஏற்றலாம் என்று வரலாற்று நூல்கள் கூறுகின்றன. தூத்துக்குடி திருவிழாக் கோலம் பூண்டது.

நட்டத்தைக் கூட்டுவது எப்படி?

வெள்ளைக்காரக் கம்பெனி பயணக் கட்டணத்தை ஒரு ரூபாயாகக் குறைத்தது. சுதேசிக் கம்பெனி அதை அரை ரூபாயாக்கியது. உடனே எதிரிகள் இலவசமாகவே ஏற்றிச் செல்லத் தொடங்கினார்கள். குடையும் கொடுத்தார்கள். அவர்களுக்குப் பல கடல்களிலிருந்து வருமானம் வந்தது. ஒரு கடலில் நட்டப்பட்டாலும் அவர்களால் தாங்க முடியும். சுதேசிக் கம்பெனிக்கு இருந்தது ஒரே ஒரு பாதைதான். அதன் கப்பல்கள் ஏறக்குறைய வெறுமையாக ஓடின.

இங்கேதான் நட்டக் கணக்கு வருகிறது. விளங்கிக்கொள்வதற்காக ஓர் உதாரணம் பார்ப்போம். இவை கம்பெனியின் கணக்கு ஏட்டில் உள்ள எண்கள் அல்ல. பாடத்துக்காக வைத்துக்கொண்ட எண்கள்.

ஒரு வியாபாரி ஒரு மூட்டையோடு கப்பலில் ஏறுகிறார். அவரை ஏற்றிச் செல்வதில் கம்பெனிக்கு அரை ரூபாய் நட்டம். மூட்டையை ஏற்றியதில் கால் ரூபாய் நட்டம். மொத்த நட்டம் எவ்வளவு?

நட்டத்தைக் கணக்கில் எழுதும்போது முன்னால் கழித்தல் குறி போடுவார்கள். அந்த எண்ணுக்குக் குறை எண் என்று பெயர். அரை ரூபாய் நட்டம் −1/2. கால் ரூபாய் நட்டம் −1/4.

அரையைக் காலாக்கினால் இரண்டு கால். ஆகவே −1/2 என்பது −2/4. அதோடு −1/4 சேர்ந்தால் −3/4. முக்கால் ரூபாய் நட்டம். அணாவில் பார்த்தாலும் எட்டணாவும் நாலணாவும் சேர்ந்து பன்னிரண்டு அணா. விடை ஒன்றுதான்.

இன்னொரு கணக்கு. இது கொஞ்சம் கடினம். ஒரு படகுக்காரர் தம் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கைப் படகு ரிப்பேருக்குக் கொடுக்கவேண்டும். ஐந்தில் ஒரு பங்கைப் பழைய கடனுக்குக் கொடுக்கவேண்டும். மொத்தம் எவ்வளவு போகும்?

மூன்றாகப் பிரித்த துண்டு ஒன்று. ஐந்தாகப் பிரித்த துண்டு ஒன்று. இரண்டுக்கும் பொருந்தும் ஒரு சிறு துண்டு வேண்டும். மூன்றாலும் ஐந்தாலும் மிச்சமில்லாமல் வகுபடும் மிகச் சிறிய எண் எது? பதினைந்து. ஆகவே வருமானத்தைப் பதினைந்து துண்டாகப் பிரிப்போம். மூன்றில் ஒன்று என்பது ஐந்து துண்டு. ஐந்தில் ஒன்று என்பது மூன்று துண்டு. போகவேண்டியது எட்டுத் துண்டு.

குறி போட்டு எழுதினால், −5/15ம் −3/15ம் சேர்ந்து −8/15. பதினைந்தில் எட்டு என்றால் பாதிக்கு மேல்! அவர் கையில் நிற்பது பதினைந்தில் ஏழுதான்.

பலர் இங்கே தவறிவிடுகிறார்கள். மேலே உள்ள ஒன்றையும் ஒன்றையும் கூட்டி இரண்டு என்கிறார்கள். கீழே உள்ள மூன்றையும் ஐந்தையும் கூட்டி எட்டு என்கிறார்கள். எட்டில் இரண்டு, அதாவது கால் பங்கு என்று விடை சொல்கிறார்கள். யோசித்துப் பாருங்கள். மூன்றில் ஒன்றே காலை விடப் பெரிது. அதோடு இன்னொரு கடனும் சேர்ந்த பிறகு மொத்தக் கடன் எப்படிச் சுருங்கும்? அப்படிச் சுருங்கினால் கடன்காரர்களுக்கெல்லாம் கொண்டாட்டம்தான்!

இன்னொரு தவறும் உண்டு. இரண்டு கழித்தல் குறிகளைக் கண்டதும், அவை சேர்ந்து கூட்டல் ஆகிவிடும் என்று நினைத்துவிடுகிறார்கள். அது பெருக்கலில் நடப்பது. கூட்டலில் நடக்காது. கடனும் கடனும் சேர்ந்தால் பெரிய கடன்தான். ராஜஸ்தானத்துப் பில்லமாலா நகரில் வாழ்ந்த பிரம்மகுப்தர் என்ற கணித மேதை, கி.பி. 628இல் எழுதிய நூலில் இந்த விதியைக் கூறிவிட்டார். குறை எண்ணைக் கடன் என்றும், மிகை எண்ணைச் செல்வம் என்றும் அவர் அழைத்தார். குறை எண்களை நம்பலாமா என்று ஐரோப்பாவில் அதற்குப் பிறகு ஆயிரம் ஆண்டு கழித்தும் அறிஞர்கள் சிலர் தயங்கிக்கொண்டிருந்தார்கள்!

இருபதும் இருபதும் நாற்பது

கப்பலோடு சிதம்பரம் பிள்ளை நிற்கவில்லை. 1908ஆம் ஆண்டு பிப்ரவரியில் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அவரும் சுப்பிரமணிய சிவாவும் முன்னே நின்றார்கள். மார்ச்சு முதல் வாரத்தில் நிர்வாகம் இறங்கி வந்தது. தொழிலாளர்களுக்குக் கூலி உயர்ந்தது.

சர்க்காருக்குக் கோபம் தலைக்கேறியது. 1908 மார்ச்சு 12ஆம் தேதி அவரைக் கைது செய்தார்கள். திருநெல்வேலியும் தூத்துக்குடியும் கொந்தளித்தன. கடைகள் மூடப்பட்டன. கலகம் மூண்டது. துப்பாக்கிச் சூடு நடந்தது, உயிர்கள் போயின.

ஜூலை 7ஆம் தேதி ஜட்ஜ் பின்ஹே தீர்ப்புச் சொன்னார். ராஜத்துரோகத்துக்கு இருபது ஆண்டு. சிவாவுக்கு உடந்தையாக இருந்ததற்கு இன்னும் இருபது ஆண்டு. ஒன்று முடிந்த பிறகு மற்றது! கூட்டினால் நாற்பது ஆண்டு.

இந்தக் கூட்டலுக்குப் பகுதி காண வேண்டியதில்லை. இரண்டும் முழு எண்கள். இரண்டும் ஒரு மனிதனின் ஆயுளிலிருந்து கழியவேண்டியவை. அப்போது அவருக்கு வயது முப்பத்தைந்து. தீர்ப்பைக் கேட்ட தம்பி மீனாட்சிசுந்தரத்துக்குச் சித்தம் கலங்கியது. அது கடைசி வரை தெளியவில்லை.

மேல்முறையீட்டில் தண்டனை வெகுவாகக் குறைந்தது. என்றாலும் கோயம்புத்தூர்ச் சிறையிலும் கண்ணனூர்ச் சிறையிலும் அவர் பட்ட பாடு கொஞ்சமல்ல. மாடு இழுக்கவேண்டிய செக்கை அவர் இழுத்தார். அந்தச் செக்கு சென்னை கிண்டி காந்தி மண்டபத்தில் வைக்கப்பட்டிருக்கிறது. சிறையில் அவர் பேனாவையும் விடவில்லை. மெய்யறிவு, மெய்யறம் என்ற நூல்களை இயற்றினார்.

1912ஆம் ஆண்டு டிசம்பரில் விடுதலையானார். கைதான நாளிலிருந்து கணக்கிட்டால் ஏறக்குறைய நாலேமுக்கால் ஆண்டு.

வெளியே வந்தபோது ஜனக் கூட்டம் வரவேற்கவில்லை. கம்பெனியும் இல்லை. அவர் உள்ளே இருந்தபோதே, 1911இல், கம்பெனியைக் கலைத்துவிட்டார்கள். கப்பல்களைப் போட்டிக்காரர்களுக்கே விற்றுவிட்டார்கள். எந்தக் கம்பெனியை எதிர்த்துக் கப்பல் வாங்கினாரோ, அந்தப் பக்கத்துக்கே கப்பல் போய்ச் சேர்ந்தது! சிறையில் பட்ட அடியைவிட இந்த அடி அவருக்குப் பெரிதாக வலித்தது.

முந்நூற்று நாற்பத்தேழே முக்கால்

தண்டனை பெற்றவர் என்பதால் வக்கீல் சன்னதும் பறிபோயிருந்தது. மனைவி மீனாட்சி அம்மாளோடும் குழந்தைகளோடும் சென்னையில் குடியேறினார். சிறு வியாபாரங்கள் செய்து பார்த்தார். ஒன்றும் ஓடவில்லை. ஒரு காலத்தில் கப்பல் வாங்கியவர், அரிசிக்கும் பருப்புக்கும் கவலைப்பட்டார்.

தென்னாப்பிரிக்காவில் வாழ்ந்த இந்தியர்கள் அவருக்காகப் பணம் திரட்டியிருந்தார்கள். அது காந்திஜியின் மூலமாக வரவேண்டியிருந்தது. 1915இல் காந்திஜி இந்தியாவுக்குத் திரும்பிய பிறகு இருவருக்கும் கடிதப் போக்குவரத்து நடந்தது. தம் கஷ்டத்தை மறைக்காமல் சிதம்பரம் பிள்ளை எழுதினார். கடைசியில் 1916ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் பணம் வந்து சேர்ந்தது. 347 ரூபாய் 12 அணா.

பன்னிரண்டு அணா என்றால் முக்கால் ரூபாய். அந்த முக்காலும் அன்று அந்தக் குடும்பத்துக்குப் பெரிது.

கையில் கொஞ்சம் பணம், தலையில் கொஞ்சம் கடன் என்றால் எப்படிக் கூட்டுவது? அதற்கும் ஒரு சிறு உதாரணம். கடன் அரை ரூபாய். கையில் இருப்பது மூன்றில் ஒரு ரூபாய். இரண்டையும் பையாக்குங்கள். கடன் 96 பை. கையிருப்பு 64 பை. இருப்பதைக் கொடுத்த பிறகும் 32 பை கடன் நிற்கும். ரூபாயில் அது ஆறில் ஒன்று. பின்னத்தில் எழுதினால், −3/6ம் 2/6ம் சேர்ந்து −1/6. எது பெரிதோ, அதன் குறி விடையில் நிற்கும். கடன் பெரிதானால் விடையும் கடன்தான்.

கடனும் வரவும் இப்படி மாறி மாறி வந்தன. பிறகு ஒரு நல்ல காலம் பிறந்தது. வாலஸ் என்ற ஆங்கில நீதிபதி முயற்சி எடுத்து, அவருக்கு வக்கீல் சன்னது மறுபடியும் கிடைக்கச் செய்தார். வெள்ளைக்காரர் ஆட்சியை எதிர்த்துப் போராடிய சிதம்பரம் பிள்ளை அந்த நன்றியை மறக்கவில்லை. தம் பிள்ளைகளில் ஒருவனுக்கு வாலேசுவரன் என்று பெயர் வைத்தார்! பகை ஒரு புறம். பட்ட கடன் ஒரு புறம். இரண்டையும் அவர் குழப்பிக்கொள்ளவில்லை.

கோவில்பட்டியில் வக்கீல் தொழில் செய்தார். 1932இல் மீண்டும் தூத்துக்குடிக்கு வந்தார். திருக்குறளுக்கு உரை எழுதினார். தொல்காப்பியத்துக்கு இளம்பூரணர் எழுதிய உரையைப் பதிப்பித்தார். வருமானம் மட்டும் பெருகவில்லை.

கடைசிக் கணக்கு

1936ஆம் ஆண்டில் உடல் தளர்ந்தது. காலம் நெருங்கிவிட்டது என்று தெரிந்துகொண்டார். உயில் எழுதினார்.

பெரிய மனிதர்களின் உயிலில் என்ன இருக்கும்? வீடு, நிலம், நகை, பாங்கிப் பணம். இன்னாருக்கு இவ்வளவு என்று பங்கு பிரித்திருப்பார்கள். சிதம்பரம் பிள்ளையின் உயிலில் கடைப் பாக்கிகள் இருந்தன. யார் யாருக்குக் கடன் கொடுக்க வேண்டும், எவ்வளவு கொடுக்க வேண்டும் என்று சிறு தொகைகளையும் விடாமல் குறித்திருந்தார்.

சிறு கடன்தானே என்று அவர் விட்டிருக்கலாம். நாட்டுக்காக எல்லாவற்றையும் இழந்தவரிடம் எந்தக் கடைக்காரர் வந்து வாய் திறந்து கேட்கப்போகிறார்? ஆனால் அவர் அப்படி நினைக்கவில்லை. நாடு தமக்குப் பட்ட கடன் வேறு. தாம் கடைக்காரருக்குப் பட்ட கடன் வேறு. ஒன்றைக் காட்டி மற்றதை அழிக்க அவர் மனம் இடம் கொடுக்கவில்லை.

கடன் கணக்கு எழுதும்போது மனிதர்கள் செய்யும் தந்திரங்கள் பல. சின்னக் கடனைச் சேர்க்காமல் விடுவார்கள். குறியை மாற்றிப் போடுவார்கள். அளவு வேறு வேறாக இருப்பதால் கூட்ட முடியவில்லை என்று தள்ளிப்போடுவார்கள். குடும்பங்கள் பல இப்படித்தான் மூழ்குகின்றன. மளிகைக் கடையில் ஒரு பாக்கி, பால்காரரிடம் ஒரு பாக்கி, சீட்டில் ஒரு தவணை என்று தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் கொஞ்சமாகத்தான் தெரியும். சம்பளத்தில் மூன்றில் ஒன்று, ஐந்தில் ஒன்று என்று ஒரே அளவுக்குக் கொண்டுவந்து கூட்டினால்தான் பாதிக்கு மேல் போய்விட்டது என்று கண் திறக்கும்.

1936ஆம் ஆண்டு நவம்பர் 18ஆம் தேதி இரவு, தம் விருப்பப்படியே தூத்துக்குடி காங்கிரஸ் ஆபீசில் சிதம்பரம் பிள்ளை உயிர் நீத்தார்.

அதற்குப் பிறகு பதினோரு ஆண்டில் நாடு சுதந்தரம் பெற்றது. 1961இல் அவர் கதை கப்பலோட்டிய தமிழன் என்ற பெயரில் சினிமாவாக வந்தது. சிவாஜி கணேசன் அவராக நடித்தார். அதே 1961இல்தான் தூத்துக்குடிக் கடலில் கடைசிப் பெரிய முத்துக் குளிப்பு நடந்தது. குளித்தவனுக்கு ஒரு பங்கு, சர்க்காருக்கு இரண்டு பங்கு என்ற கணக்கெல்லாம் பழங்கதையாயிற்று. 1974இல் தூத்துக்குடி பெருந்துறைமுகமானது. 2011இல் அந்தத் துறைமுகத்துக்கு வ. உ. சிதம்பரனார் துறைமுகம் என்று பெயர் சூட்டினார்கள்.

எட்டணா டிக்கெட்டில் கப்பல் ஓட்டி நட்டப்பட்டவரின் பெயர், இன்று அந்தத் துறைமுகத்துக்கு வரும் ஒவ்வொரு கப்பலின் காகிதத்திலும் இருக்கிறது!

அவர் பட்ட கடனை அவர் எழுதிவைத்துவிட்டுப் போனார். நாம் அவருக்குப் பட்ட கடனை எந்த அளவில் எழுதுவது? அரையா, காலா, முந்திரியா? அந்தக் கணக்குக்கு இன்னும் பொதுப் பகுதி கிடைக்கவில்லை.